சிட்டியைச் சாக விடாத சினிமா

2010இல் புத்தளம் கரையிலுள்ள மாம்புரிக்கு இரண்டு இராட்சதர்கள் வந்து சேர்ந்தார்கள். ஒருவர், கடலோர மணலில் எழும்பிய காற்றாலை. நாட்டின் முதல் தனியார் காற்றாலைகளில் சேர்த்தி, முதல் கட்டத்தில் 10 மெகாவாட். மற்றவர், அந்த வருடம் ஒக்டோபர் முதலாம் திகதி வெளியான ‘எந்திரன்’ படத்தின் இயந்திர மனிதன் சிட்டி. காற்றாலையின் கதை நேரானது. கச்சான் காற்று எழும்பினால் சுழலும், காற்று விழுந்தால் நிற்கும், பழுதானால் ஆள் வந்து ஏறுவான். சிட்டியின் கதை அப்படியில்லை. நீதிமன்றத் தீர்ப்பின்படி அதைப் பிரித்துப் போட்டார்கள். எட்டு வருடம் கழித்து மறுபடி பூட்டினார்கள். பூட்டிய கையோடு ஒரு குட்டிப் பட்டாளத்தையும் துணைக்குக் கொடுத்தார்கள். இப்போது அதற்குச் சாவே இல்லை.

மகாசக்தி படைத்த ஒருவனைக் கடைசியில் என்ன செய்வது என்ற கேள்விக்குத் தமிழ் சினிமா ஒரே ஒருமுறைதான் நேர்மையாகப் பதில் சொன்னது. ‘எந்திரன்’ படத்தின் கடைசிப் பத்து நிமிடம்தான் அந்தப் பதில். சொன்ன வாயாலேயே 2018இல் அதை வாபஸ் வாங்கிக்கொண்டது. ஏன் வாங்கியது, வாங்கியதில் நாம் எதை இழந்தோம் என்பதுதான் இங்கே பேச்சு.

மாம்புரியில் நின்று இதைப் பேச ஒரு நியாயம் இருக்கிறது. பாலாவிச் சந்தியில் கற்பிட்டிப் பாதைக்குத் திரும்பினால் வழியில் நுரைச்சோலை. அங்கே 900 மெகாவாட் நிலக்கரி மின்நிலையம். முதல் இயந்திரம் 2011இல் ஓடத் தொடங்கியது, மூன்றும் முடிந்தது 2014இல். அதன் வெளிச்சம் நாடெங்கும் போகிறது. காற்றுக் காலத்தில் நிலக்கரித் தூளும் சாம்பலும் தங்கள் தோட்டங்களில் விழுகின்றன என்று அயலிலுள்ள விவசாயிகள் வருடக்கணக்காக முறைப்பாடு சொல்கிறார்கள். 2025 பெப்ரவரி 9ஆம் திகதி பாணந்துறை உபமின்நிலையத்தில் ஒரு குரங்கு மின்மாற்றியில் பட்டதால் நாடு முழுக்க இருண்டது என்று அமைச்சர் சொன்னார். அந்த அதிர்ச்சியில் நுரைச்சோலையின் மூன்று இயந்திரங்களும் படுத்துவிட்டன. எழும்ப நாட்கள் பிடித்தன. குரங்கு ஒன்று இலங்கையை எரித்த கதையைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். அணைத்த கதையையும் பார்த்துவிட்டோம்.

பெரும் சக்தியை அயலில் வைத்துக்கொண்டு வெங்காயமும் மிளகாயும் நட்டு வாழ்கிறவர்களுக்கு, அது எவ்வளவு பெரியது என்பது முதல் கேள்வி அல்ல. அது கைமீறினால் யார் நிறுத்துவது என்பதுதான் முதல் கேள்வி. இந்தக் கேள்வியைச் சூப்பர் ஹீரோ படங்கள் கேட்பதே அபூர்வம். ‘எந்திரன்’ கேட்டது.

படத்தின் பிறப்பு வரலாறு எல்லோருக்கும் தெரிந்தது. தொண்ணூறுகளின் கடைசியிலிருந்தே ஷங்கரின் மனதில் கிடந்த கதை. கமல்ஹாசனிடம் போனது, ஷாருக்கானிடம் போனது, கடைசியில் ரஜினிகாந்திடம் வந்தது. வசனத்தில் கைவைத்த சுஜாதா படம் வெளிவந்ததைப் பார்க்கவில்லை, 2008 பெப்ரவரி 27இல் காலமாகிவிட்டார். சன் பிக்சர்ஸ் பணம் போட்டது. சிறந்த ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்கும் சிறந்த கலை வடிவமைப்புக்கும் தேசிய விருது கிடைத்தது. இதெல்லாம் போகட்டும்.

சிட்டியின் வாழ்க்கையைத்தான் நிதானமாகப் பார்க்க வேண்டும். அதன் சாவு அந்த வாழ்க்கையிலேயே எழுதியிருக்கிறது. விஞ்ஞானி வசீகரன் பத்து வருடம் உழைத்து அதைச் செய்கிறார், இராணுவத்துக்குக் கொடுப்பதற்காக. எரிகிற கட்டடத்துக்குள் புகுந்து ஆட்களைத் தூக்கிவருகிறது சிட்டி. குளித்துக்கொண்டிருந்த ஒரு பெண்ணையும் உடுப்பில்லாமல் அப்படியே தூக்கிவந்து கமராக்களுக்கு முன்னால் இறக்குகிறது. அந்தப் பிள்ளை வெட்கம் தாங்காமல் ஓடி வாகனத்தில் அடிபட்டுச் சாகிறாள். காப்பாற்றும் பலம் உண்டு, கூச்சம் என்றால் என்னவென்று தெரியாது. சரி, உணர்ச்சியை ஊட்டுவோம் என்கிறார் வசீகரன். உணர்ச்சி வந்ததும் சிக்கலான ஒரு பிரசவத்தைப் பார்த்துத் தாயையும் பிள்ளையையும் மீட்கிறது. அதே உணர்ச்சிதான் வசீகரனின் காதலி சனாமீதும் போய் விழுகிறது. இராணுவ அதிகாரிகளுக்கு முன்னால் நிறுத்தினால் ஆயுதத்தைப் பற்றிப் பேசாமல் காதலைப் பற்றிப் பேசுகிறது. வசீகரனுக்கு ஆத்திரம். வெட்டிக் கூறுபோட்டுக் குப்பையில் எறிகிறார்.

சிட்டியின் முதல் சாவு அது. செய்தவனின் கோபத்தால் வந்த சாவு, ஆகவே அநியாயச் சாவு. பேராசிரியர் போரா குப்பைமேட்டில் பொறுக்கியெடுத்து, சிவப்புச் சிப் ஒன்றைப் பூட்டி எழுப்புகிறார். எழும்பியது போராவையே கொல்கிறது. தன்னைப் போலவே நூற்றுக்கணக்கில் செய்துகொள்கிறது. அதற்குப் பிறகு பந்தாகவும் பாம்பாகவும் அவை திரண்டு வந்த காட்சிகளைத்தான் உலகமே யூடியூபில் பார்த்துச் சிரித்தது, வியந்தது. பிள்ளைகளுக்கு ஞாபகம் இருப்பதும் அதுதான். இந்தக் கரையில் படத்தைத் தியேட்டரில் பார்த்தவர்களைவிடச் சீடியிலும் தொலைக்காட்சியிலும் பார்த்தவர்களே அதிகம்; அவர்களிடம் கேட்டாலும் பாம்பைத்தான் சொல்வார்கள்.

நான் சொல்ல வருவது பாம்பு முடிந்த பிறகு நடப்பதை. சிவப்புச் சிப்பைக் கழற்றியாயிற்று. சிட்டி மறுபடி நல்லவன். வில்லன் செத்தாயிற்று. இந்த இடத்தில் எந்த மசாலாப் படமும் ஒரு பகிடியைப் போட்டு, எல்லோரையும் குரூப் போட்டோவுக்கு நிறுத்தி, வணக்கம் போட்டுவிடும். ஷங்கர் வழக்கை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகிறார். வசீகரன் குற்றவாளிக் கூண்டில். போரா சிப்பைப் பூட்டிய காட்சியைத் தன் நினைவகத்திலிருந்து எடுத்துக் காட்டி அவரைக் காப்பாற்றுவது சிட்டி. விஞ்ஞானிக்கு விடுதலை, சாட்சி சொன்ன சிட்டிக்குத் தண்டனை. பிரித்துவிடுங்கள் என்கிறது நீதிமன்றம்.

சிட்டி மறுத்தால் அதைப் பிடிக்க அந்த ஊரில் யாராலும் முடியாது. அது மறுக்கவில்லை. சனாவிடமும் வசீகரனிடமும் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு, உறுப்பு உறுப்பாகத் தன்னைத் தானே கழற்றுகிறது. ரஜினி நடித்த காட்சிகளில் இதற்கு இணையாகச் சொல்ல எனக்கு அதிகம் இல்லை. கையில்லை, ஸ்டைல் இல்லை, கண்ணாடி சுழற்றல் இல்லை; ஒரு முகம் மட்டும் பேசுகிறது. பிறகு 2030ஆம் ஆண்டு, ஒரு அருங்காட்சியகம். பாடசாலைப் பிள்ளைகள் பார்க்க வருகிறார்கள். இதை ஏன் பிரித்தார்கள் என்று ஒரு சிறுமி கேட்கிறாள். சிட்டியின் தலை பதில் சொல்கிறது: தான் சிந்திக்கத் தொடங்கியதுதான் காரணம்.

தன்னைத் தானே வெட்டிக் கொடுத்தவன் தமிழுக்குப் புதியவன் இல்லை. மாம்புரிக்குத் தெற்கே, இதே புத்தளம் மாவட்டக் கரையில் உடப்பு இருக்கிறது. அங்கே திரௌபதி அம்மன் கோயில் தீமிதிப்புக்கு ஆடியில் ஊரே திரளும். திரௌபதியை வணங்கும் இடங்களில் பாரதம் படிப்பார்கள். தமிழில் பாரதம் படித்தால் அரவான் வராமல் இருக்க மாட்டான். அர்ச்சுனனின் மகன். முப்பத்திரண்டு லட்சணமும் பொருந்தியவன். பாண்டவர் வெல்ல வேண்டுமானால் குறையில்லாத ஒரு வீரனைப் போருக்கு முன் பலியிட வேண்டும் என்கிறார்கள். குறையில்லாதவர்கள் மூன்றே பேர்: கண்ணன், அர்ச்சுனன், அரவான். மற்ற இருவரையும் இழக்க முடியாது. அரவான் ஒப்புக்கொள்கிறான். களப்பலியானபின் அவன் தலை மட்டும் உயிரோடிருந்து பதினெட்டு நாள் போரையும் பார்த்தது என்பார்கள்.

அருங்காட்சியகத்தில் பேசுகிற சிட்டியின் தலையை நான் அரவானின் தலையாகத்தான் பார்க்கிறேன். ஷங்கர் நினைத்துச் செய்தாரா என்பது தேவையில்லாத விசாரணை. பலம் மிகுந்தவனைத் தம்மோடு வைத்துக்கொள்ளவும் முடியாமல், முழுசாக விட்டுவிடவும் மனமில்லாமல், தலையை மட்டும் மிச்சம் வைக்கும் பழக்கம் இந்த மண்ணில் பழையது. மதுரை வீரனுக்கு மாறுகால் மாறுகை வாங்கினார்கள், பிறகு மீனாட்சி அம்மன் கோயில் வாசலிலேயே சந்நிதி வைத்தார்கள். காத்தவராயனைக் கழுவேற்றினார்கள், இன்றைக்கும் வடக்கில் அவனுக்குக் கூத்து ஆடுகிறார்கள். முதலில் கொல்வது, பிறகு கும்பிடுவது.

இந்த வழக்கத்தைத் தமிழ் சினிமா தொடக்கத்தில் அப்படியே எடுத்துக்கொண்டது. 1956இல் ‘மதுரை வீரன்’ வந்தபோது எம்.ஜி.ஆர். கடைசியில் கைகால் இழந்து சாகிறார். படம் பேய் ஓட்டம் ஓடியது. செத்தவன் தெய்வமாவான் என்று ஜனத்துக்கு முன்பே தெரியும். 1962இல் ‘பாசம்’ வந்தது. அதிலும் எம்.ஜி.ஆர். சாகிறார், ஆனால் தெய்வமாகவில்லை, வெறுமனே சாகிறார். ரசிகர்கள் அதை ஏற்கவில்லை என்ற பேச்சு அறுபது வருடமாக ஓயவில்லை. நாவலப்பிட்டியில் பிறந்த அந்த மனிதர் அதற்குப் பிறகு திரையில் சாவதென்றால் தயாரிப்பாளருக்குக் கைநடுங்கத் தொடங்கியது.

நட்சத்திரம் சாகக் கூடாது, கதைக்கோ ஒரு சாவு வேண்டும். இரண்டுக்கும் நடுவில் நம்மவர்கள் கண்டுபிடித்த தந்திரம்தான் இரட்டை வேடம். ஒருவன் சாவான், அதே முகத்தோடு இன்னொருவன் கையசைத்துக்கொண்டு நிற்பான். ‘தர்மத்தின் தலைவன்’ படத்தில் பேராசிரியர் ரஜினி சாகிறார், ரவுடி ரஜினி இருக்கிறார். ‘அபூர்வ சகோதரர்கள்’ படத்தில் அப்பா கமல் ஆரம்பத்திலேயே காலி, பிள்ளைக் கமல்கள் இருவர் மிச்சம். அழவும் செய்யலாம், விசிலும் அடிக்கலாம், ஒரே டிக்கெட். ‘எந்திரன்’ இந்தத் தந்திரத்தின் உச்சம். சிட்டி கழன்று விழும்போது பக்கத்தில் நின்று கண்கலங்குவது இன்னொரு ரஜினி. அந்தக் காப்புறுதி இல்லாவிட்டால் ஒரு சூப்பர் ஸ்டாரைத் திரையில் துண்டு துண்டாகக் கழற்ற எந்த முதலாளியும் சம்மதித்திருக்க மாட்டார். இந்தியில் 2013இல் வந்த ‘கிரிஷ் 3’ படத்திலும் இதே கணக்குதான்: அப்பா ஹிருத்திக் உயிரைக் கொடுக்கிறார், மகன் ஹிருத்திக் பறக்கிறார்.

மேற்கே வேறு மாதிரி. அங்கே நாயகனை உண்மையாகவே கொன்றுபோடுவார்கள். பிணத்தைப் புதைத்த இடத்தில் ஒரு குச்சியை மட்டும் அடையாளத்துக்கு நட்டுவைப்பார்கள். 1992 நவம்பரில் சூப்பர்மேனைக் கொமிக்ஸில் சாகடித்தார்கள். செய்தித்தாள்கள் நிஜச் சாவைப் போல எழுதின, புத்தகத்தை வாங்க வரிசை நின்றது. அடுத்த வருடமே திரும்பி வந்துவிட்டார். 2017இல் ‘லோகன்’ படத்தில் வுல்வரின் கிழவனாகி, நோயாளியாகி, ஒரு பிள்ளைக்காகச் செத்தார். அதற்கு மேல் அழகான முடிவு அந்த வகைப் படங்களில் இல்லை. 2024இல் ‘டெட்பூல் அண்ட் வுல்வரின்’ தொடங்குவதே அந்தப் புதைகுழியைத் தோண்டி, எலும்பை எடுத்து, எலும்பாலேயே சண்டை போடுவதில்தான். பகிடிக்குத்தான் செய்தார்கள். ஆனால் அந்தத் தொழில் எப்படி நடக்கிறது என்று அதைவிட வெளிப்படையாக யாரும் காட்டியதில்லை.

அயர்ன் மேனின் சாவு நமக்கு வேறு விதத்தில் ஞாபகம் இருக்கிறது. ‘அவெஞ்சர்ஸ்: எண்ட்கேம்’ 2019 ஏப்ரல் 26இல் இந்தியாவில் வெளியானது. டோனி ஸ்டார்க் உலகத்தைக் காப்பாற்றிவிட்டுச் சாகிறார். தமிழில் அவருக்குக் குரல் கொடுத்தது விஜய் சேதுபதி, வசனம் ஏ.ஆர்.முருகதாஸ். அந்தக் குரல் ஒட்டவில்லை என்று தமிழ்நாட்டில் பெரிய சண்டையே நடந்தது. அதற்கு ஐந்து நாள் முன்னால்தான் இங்கே உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்புகள். கொழும்பு, நீர்கொழும்பு, மட்டக்களப்பு. ஊரடங்கு, சமூக ஊடகங்களுக்குத் தடை. அங்கே தியேட்டரில் ஒரு கற்பனை மனிதனுக்காக ஜனம் அழுதுகொண்டிருந்தபோது, இந்தக் கரைப் பாதையின் கீழ்க்கோடியில் நீர்கொழும்புக் கட்டுவாப்பிட்டியில் நிஜமாகவே பெட்டி பெட்டியாக அடக்கம் செய்துகொண்டிருந்தார்கள். டோனி ஸ்டார்க்காக நடித்த ரொபர்ட் டவுனி ஜூனியரை 2024 ஜூலையில் மறுபடி மேடையேற்றினார்கள். இந்த முறை வில்லன் டொக்டர் டூம் வேடத்துக்கு. முகம் விலைபோகும்வரை சாவு என்பது அங்கே ஒரு விடுமுறை, அவ்வளவுதான்.

ஒரே ஒரு விதிவிலக்கு. ‘பிளாக் பந்தர்’ படத்தில் டிசாலாவாக நடித்த சாட்விக் போஸ்மன் 2020 ஓகஸ்ட் 28இல் பெருங்குடல் புற்றுநோயால் காலமானார். வயது 43. வியாதியை வைத்துக்கொண்டே நடித்தார் என்பது உலகத்துக்கு அதற்குப் பிறகுதான் தெரியும். வேறு நடிகரைப் போடலாம், கணினியில் உருவாக்கலாம். மார்வெல் இரண்டையும் செய்யவில்லை. 2022இல் வந்த இரண்டாம் படத்தில் டிசாலாவும் வியாதியால், திரைக்கு வெளியே, யாரும் பார்க்காத இடத்தில் சாகிறார். படம் முழுக்க மற்றவர்கள் துக்கம் காக்கிறார்கள். சாகடிப்பதில் கைதேர்ந்த அந்த நிறுவனம், நிஜச் சாவு வந்தபோது மட்டும் அடக்கமாக நடந்துகொண்டது.

இனி ‘2.0’. 2018 நவம்பர் 29இல் வந்தது. 500 கோடி இந்திய ரூபாவைத் தாண்டிய செலவு என்று பேசப்பட்டது. பணம் போட்டவர் லைக்கா சுபாஸ்கரன் அல்லிராஜா, முல்லைத்தீவில் பிறந்து பிரித்தானியாவில் கைத்தொலைபேசிச் சேவை நடத்திப் பெரியாளானவர். படத்தின் கதையோ கைத்தொலைபேசிக்கு எதிரானது. கைத்தொலைபேசியில் உழைத்த காசைக் கொட்டி, கைத்தொலைபேசிக் கோபுரங்கள் குருவிகளைக் கொல்கின்றன என்று ஒரு படம். இந்த முரணை எண்ணி நான் பலமுறை சிரித்திருக்கிறேன். இந்தியாவின் செல்லுலார் நிறுவனங்களின் சங்கம் சிரிக்கவில்லை, படம் வெளிவருமுன் தணிக்கைக் குழுவிடம் புகார் கொடுத்தது.

படத்தில் சிட்டியை ஏன் எழுப்புகிறார்கள்? ஊரிலுள்ள கைத்தொலைபேசிகள் எல்லாம் பறந்துபோய் ஒரு இராட்சதப் பறவையாகத் திரண்டு ஆட்களைக் கொல்கின்றன. அதை அடக்க வேறு ஆளில்லை. அரசாங்கத்திடம் பேசி, பிரித்த பாகங்களைப் பூட்டுகிறார் வசீகரன். எட்டு வருடத்துக்கு முன்னால் ஒரு நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு, சிட்டி தன் கையாலேயே நிறைவேற்றிய தீர்ப்பு, அவசரத்துக்கு முன்னால் காகிதமாகிவிடுகிறது. பிற்பாதியில் சிவப்புச் சிப்பும் திரும்பி வருகிறது. எந்தச் சிப்புக்காக அதைக் கலைத்தார்களோ அதே சிப். இந்த முறை தியேட்டர் எழும்பி நின்று கைதட்டுகிறது. அதற்கும் மேலே, புறாக்களின் முதுகில் ஏறிவரும் குட்டிகள், 3.0. முதல் படத்தில் ஆபத்தாக இருந்தது இரண்டாம் படத்தில் விளையாட்டுச் சாமானாகிவிட்டது.

ஷங்கருக்குத் தொழில்நுட்பம் தெரியாதென்றோ சிரத்தை இல்லையென்றோ யாரும் சொல்ல முடியாது. அவர் விட்டுக்கொடுத்தது கதையின் முதுகெலும்பை. 2010இல் ரஜினிக்கு 59 வயது, 2018இல் 67. மனிதருக்கு வயது ஏறுகிறது, இயந்திரத்துக்கு ஏறாது. சிட்டி இருக்கும்வரை அந்த முகத்துக்கு நரை விழாது. இப்படிப்பட்ட சொத்தை அருங்காட்சியகக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துப் பூட்ட எந்தத் தயாரிப்பாளருக்கு மனம் வரும்?

‘2.0’ படத்தில் உண்மையாகவே சாவது பக்ஷிராஜன். அக்ஷய் குமார் நடித்த பறவையியல் கிழவர்; சலீம் அலியை மனதில் வைத்துச் செய்த பாத்திரம். (நிஜ சலீம் அலி 1987இல், தொண்ணூறு கடந்த வயதில் காலமானார்.) பக்ஷிராஜன் மனு கொடுக்கிறார், நீதிமன்றம் ஏறுகிறார், அமைச்சரைப் பார்க்கிறார். எதுவும் நடக்காமல் ஒரு கைத்தொலைபேசிக் கோபுரத்திலேயே தூக்கு மாட்டிக்கொள்கிறார். செத்த பறவைகளின் ஆவியோடு சேர்ந்து பேருருவம் எடுக்கிறார். நம்முடைய பழைய கணக்குப்படி இவர்தான் தெய்வமாகியிருக்க வேண்டியவர்: அநியாயமாகச் செத்தவர், செத்தபின் பலம் பெற்றவர். படம் இவரை வில்லனாக்கி, சிட்டியை ஏவி அழிக்கிறது. கேட்ட கேள்வி சரி என்று கடைசியில் ஒரு வசனத்தில் ஒப்புக்கொண்டுவிட்டுக் கையைத் துடைத்துக்கொள்கிறது.

பக்ஷிராஜனின் விஞ்ஞானம் சரியில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். கைத்தொலைபேசி அலைகள்தான் குருவிகளைக் கொன்றன என்பதற்கு உறுதியான சான்று கிடையாது. ஆனால் கோபுரத்தை மாற்றிவிட்டுப் பாருங்கள். காற்றாலை இறக்கையில் பறவைகள் அடிபடுவது உலகம் முழுக்கப் பதிவான சங்கதி. கற்பிட்டியும் மன்னாரும் மத்திய ஆசியாவிலிருந்து வரும் வலசைப் பறவைகளின் பாதையில் இருக்கின்றன. பூநாரைகள் இந்தக் களப்புகளைத் தேடித்தான் வருகின்றன. மன்னாரில் மின்சார சபையின் ‘தம்பபவனி’ 2020இல் 30 காற்றாலைகளோடு தொடங்கியது. அதற்குப் பிறகு மன்னாரிலும் பூநகரியிலும் 484 மெகாவாட்டுக்கு அதானி நிறுவனம் வந்தபோது சுற்றாடல் அமைப்புகள் உயர் நீதிமன்றம் வரை போயின. விலைத் தகராறும் சேர்ந்துகொள்ள, 2025 பெப்ரவரியில் அதானி விலகிக்கொண்டது. பக்ஷிராஜனைப் போல யாரும் பேருருவம் எடுக்கவில்லை. மனு கொடுத்தார்கள், வழக்குப் போட்டார்கள், ஊர்வலம் போனார்கள். நிலக்கரிப் புகை வேண்டாமென்றால் காற்று வேண்டும். காற்று வேண்டுமென்றால் பறவைக்கு எங்கே இடம்? நுரைச்சோலைக்கும் காற்றாலைக்கும் அயலில் இருக்கிறவர்களுக்கு இது படக் கதை இல்லை. ‘2.0’ கைக்கெட்டும் தூரத்தில் வந்து தொடாமல் போன கேள்வியும் இதுதான். சிட்டியை எழுப்பியதால்தான் அதைத் தொட முடியாமல் போயிற்று. மகாசக்தி ஒன்று வந்து அடித்து முடித்துவிட்டால் பேச என்ன இருக்கிறது?

சாக விடாத பழக்கம் இப்போது கற்பனைப் பாத்திரங்களைத் தாண்டிவிட்டது. 2023 டிசம்பரில் காலமான விஜயகாந்த், 2024 செப்டெம்பரில் வந்த ‘தி கோட்’ படத்தில் செயற்கை நுண்ணறிவின் உதவியோடு தோன்றினார். குடும்பத்தின் சம்மதத்தோடு செய்தார்கள், அதில் குற்றம் சொல்ல இடமில்லை. அதே வருடம், அதே உதவியோடு, காலமான பாடகர்கள் சாகுல் ஹமீதும் பம்பா பாக்யாவும் ‘லால் சலாம்’ படத்தில் பாடினார்கள்; காலமான மலேசியா வாசுதேவன் ‘வேட்டையன்’ படத்தில் பாடினார். கேட்கும்போது எனக்கும் இனித்தது என்பதை மறைக்கவில்லை. இனித்தபிறகுதான் ஒரு சங்கடம் வந்தது. தன்னைப் பிரித்துக்கொள்ளும் உரிமை சிட்டிக்காவது இருந்தது. செத்த பாடகனிடம், போதும் நான் போகிறேன் என்று சொல்ல வாய் ஏது?

ஆகவே என் தீர்ப்பு இது. ‘எந்திரன்’ ஒரு படமாக முழுமையானது, ‘2.0’ அதன் தொடர்ச்சி இல்லை, அதன்மீது போட்ட மேல்முறையீடு. பாம்பையும் பந்தையும் ஹொலிவூட் இன்றைக்கு இன்னும் பெரிதாகச் செய்யும். பலம் மிகுந்த ஒருவன், தன் பலத்தை ஊர் தாங்காது என்று கண்டு, தீர்ப்புக்குக் கட்டுப்பட்டு, தன் கையாலேயே தன்னைக் கழற்றி வைத்துவிட்டுப் போகும் காட்சியைச் செய்ய அவர்களுக்கும் துணிச்சல் வரவில்லை. நமக்கு ஒருமுறை வந்தது.

மூன்றாம் பாகம் எடுக்கும் எண்ணம் யாருக்காவது இருந்தால் ஒரு வேண்டுகோள். சிட்டியைப் பூட்ட வேண்டாம். அருங்காட்சியகத்தில் கேள்வி கேட்டாளே, அந்தச் சிறுமியை வைத்து எடுங்கள். சிந்தித்ததற்காக ஒருவரைப் பிரித்தார்கள் என்று கேள்விப்பட்ட பிள்ளை வளர்ந்து என்ன செய்கிறாள் என்று காட்டுங்கள். படத்துக்கு ரஜினி தேவையில்லை, 500 கோடியும் தேவையில்லை. கதைப்படி அவள் அந்தக் கேள்வியைக் கேட்பது 2030இல். இப்போதே எழுத உட்கார்ந்தால் நேரத்துக்கு முடித்துவிடலாம்.